முதற்பொருளும் ஒளிப்பதிவும்: வேல்ராஜின் திரைப்படங்களில் மதுரைச் சமவெளி

ஆய்வுச் சுருக்கம்

தமிழ்த் திரைப்படத் திறனாய்வு கதை, வசனம், பாடல், நடிப்பு, இயக்குநரின் நோக்கு ஆகியவற்றை விரிவாக ஆராய்ந்துள்ளது. ஒளிப்பதிவாளரின் பங்களிப்பு ‘கண்ணுக்கு இனியது’, ‘படத்திற்குப் பலம்’ என்னும் ஓரிரு தொடர்களுள் அடக்கப்பட்டுவிடுகிறது. நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் எனக் கொண்ட தொல்காப்பிய மரபு, ஒளிப்பதிவை ஆராய்வதற்கு ஏற்ற கருத்துக் கருவியைத் தருகிறது. அக்கருவியைக் கொண்டு ஒளிப்பதிவாளர் வேல்ராஜின் பணிகளை, குறிப்பாக ‘ஆடுகளம்’ (2011) படத்தில் மதுரை நகரமும் அதனைச் சூழ்ந்த சமவெளியும் காட்டப்பட்டுள்ள முறையை, இக்கட்டுரை மதிப்பிடுகிறது.

திறவுச்சொற்கள்: ஒளிப்பதிவு, முதற்பொருள், மதுரை, ஆடுகளம், வேல்ராஜ், யாமம், திணைமயக்கம்.

முன்னுரை

அகத்திணையியல் பாடலின் பொருளை முதல், கரு, உரி என மூன்றாகப் பகுக்கிறது. நிலமும் பொழுதும் முதற்பொருள். தெய்வம், உணவு, விலங்கு, மரம், புள், பறை, தொழில் முதலியன கருப்பொருள். மாந்தரின் ஒழுக்கம் உரிப்பொருள். திரைப்படத் திறனாய்வு பெரும்பாலும் உரிப்பொருளிலேயே நின்றுவிடுகிறது. யார் யாரை விரும்பினார், யார் யாரை வஞ்சித்தார், அதன் பின்னுள்ள சமூக உறவு எத்தகையது என்பனவே அதன் வினாக்கள். கருப்பொருள் ஓரளவு கவனிக்கப்படுகிறது. அரிவாள், காளை, கோயில் திருவிழா, ஆட்டம் ஆகியன குறியீடுகளாக விளக்கப்படுகின்றன. முதற்பொருள் மட்டும் பின்னணி என்ற பெயரில் ஒதுக்கப்பட்டுவிடுகிறது.

திரையில் நிலமும் பொழுதும் சொல்லால் உண்டாவன அல்ல, ஒளியால் உண்டாவன. நண்பகலின் வெக்கை, எற்பாட்டின் சாய்ந்த நிழல், யாமத்தின் மங்கல் ஆகியவற்றைத் தீர்மானிப்பது வில்லைத் தேர்வும், துளை அளவும், விளக்கு அமைப்பும், பின்னர் நிகழும் வண்ணச் சீரமைப்பும் ஆகும். ஆகவே ஒளிப்பதிவாளரை முதற்பொருளின் கலைஞர் எனக் கொள்வது பொருந்தும். இக்கோட்பாடு ஒரு தொழில் வாழ்க்கை முழுவதற்கும் எந்த அளவு பயன்படும், எங்கே பயன்படாது போகும் என்பதைக் காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

இரவல் நிலம்

தமிழ்த் திரைப்படம் படப்பிடிப்புத் தளத்தை விட்டு ஊருக்குள் வந்ததன் அடையாளமாக பாரதிராஜாவின் ‘16 வயதினிலே’ (1977) கருதப்படுகிறது. அதன் ஒளிப்பதிவாளர் பி. எஸ். நிவாஸ். அப்படம் பெரும்பாலும் கருநாடக மாநிலத்துக் கொள்ளேகால் பகுதியில் எடுக்கப்பட்டது. பி. கண்ணன் ஒளிப்பதிவு செய்த ‘முதல் மரியாதை’ (1985) காவிரிக் கரையிலுள்ள தலைக்காடு பகுதியில் எடுக்கப்பட்டது. தென்மாவட்டத்துப் பேச்சும் உறவுமுறையும் கொண்ட மாந்தர் நீர்வளம் மிக்க வேறொரு நிலத்தில் நடமாடினர். பார்வையாளர் அந்நிலத்தைத் தம் ஊராக ஏற்றுக்கொண்டனர். தென்தமிழ்நாட்டுச் சிற்றூர் என்று பல பத்தாண்டுகளாக மனத்தில் பதிந்த காட்சியின் ஒரு பகுதி காவிரியின் மேல்மடையிலிருந்து பெற்ற இரவல் என்பது எண்ணத்தக்கது.

மதுரைச் சமவெளியோ ஒரே தன்மையுடையது அன்று. 1895இல் நிறைவுற்ற முல்லைப் பெரியாறு அணையின் நீர் வடக்கிலும் மேலூர்ப் பக்கத்திலும் நெல் விளையும் மருதத்தை நிலைபெறச் செய்தது. உசிலம்பட்டி, திருமங்கலம் வட்டாரங்களின் பெரும்பகுதி மழையை நம்பிய மானாவாரி நிலமாகவே தொடர்ந்தது. தெற்கே செல்லச் செல்ல அது விருதுநகர், கோவில்பட்டிக் கரிசலோடு கலந்துவிடுகிறது. 1959இல் திறக்கப்பட்ட வைகை அணைக்குப் பின்னரும் ஆண்டின் பல மாதங்கள் நகரின் நடுவே ஆறு மணலாகவே கிடக்கிறது. ஈரமும் வறட்சியும் அருகருகே நிற்கும் இந்நிலத்தை ஒரே பசுமையாகக் காட்டுவது எளிது; ஒரே செம்புழுதியாகக் காட்டுவதும் எளிது. முன்னது 1980களின் வழக்கம். பின்னது 2000க்குப் பிந்தைய வழக்கம்.

விஜய் மில்டன் ஒளிப்பதிவு செய்த ‘காதல்’ (2004), ராம்ஜியின் ‘பருத்திவீரன்’ (2007), எஸ். ஆர். கதிரின் ‘சுப்ரமணியபுரம்’ (2008) ஆகியன மதுரையையும் அதன் சுற்றுப்புறத்தையும் மீண்டும் திரையின் நடுவே கொண்டுவந்தன. இவற்றுள் ‘சுப்ரமணியபுரம்’ 1980ஐ மீட்டெடுக்கும் நோக்குடையது. பழைய ஒளிப்படங்களின் வண்ணத்தை நினைவூட்டுவது. ‘பருத்திவீரன்’ நண்பகலின் படம்.  இவ்வரிசையில் வந்த ‘ஆடுகளம்’ தேர்ந்துகொண்ட பொழுது வேறு.

தொழில் வாழ்க்கையின் வரைபடம்

வேல்ராஜ் பரவலாக அறியப்பட்டது வெற்றிமாறனின் முதற்படமான ‘பொல்லாதவன்’ (2007) வழியாக. அதன் பின் ‘ஆடுகளம்’ (2011), எம். சரவணன் இயக்கிய ‘எங்கேயும் எப்போதும்’ (2011), ‘3’ (2012) ஆகியன வந்தன. ‘வேலையில்லா பட்டதாரி’ (2014), ‘தங்கமகன்’ (2015) ஆகியவற்றைத் தாமே இயக்கினார். மீண்டும் வெற்றிமாறனுடன் இணைந்து ‘வடசென்னை’ (2018), ‘அசுரன்’ (2019), ‘விடுதலை’யின் இரு பாகங்கள் (2023, 2024) ஆகியவற்றை ஒளிப்பதிவு செய்தார். படச்சுருளின் கடைசி ஆண்டுகளில் தொடங்கி, எண்ணிம முறை முழுமையாக நிலைபெற்ற காலத்தில் தொடரும் தொழில் வாழ்க்கை இது.

இங்கு ஒரு முறையியல் சிக்கல் எழுகிறது. ஒரே இயக்குநருடன் பல படங்களில் பணியாற்றிய ஒளிப்பதிவாளரின் தனித்தன்மை எது என்பதை எவ்வாறு பிரித்தறிவது? இரு ஒப்பீடுகள் உதவுகின்றன. முதலாவது, வெற்றிமாறனின் ‘விசாரணை’ (2015). அதன் ஒளிப்பதிவாளர் எஸ். ராமலிங்கம். அப்படத்திலும் இரவு மிகுதி. ஆயின் அங்கே இருள் சுவராக நிற்கிறது. காவல் நிலையத்தின் அடைபட்ட அறைகளில் அது மனிதரை நெருக்குகிறது. ‘ஆடுகள’த்தில் இருள் தெருவாக இருக்கிறது, அதனூடே மக்கள் நடக்கின்றனர், ஓடுகின்றனர், காத்து நிற்கின்றனர். இரண்டாவது, வேல்ராஜே இயக்கிய ‘வேலையில்லா பட்டதாரி’. அங்கே நடுத்தரக் குடும்பத்து வீடு சீரான, நிழல் குறைந்த ஒளியில் தெளிவாகக் காட்டப்படுகிறது. ஆகவே இருட்டு வேல்ராஜின் மாறாத கையெழுத்து அன்று. வெற்றிமாறனின் தனிச்சொத்தும் அன்று. குறிப்பிட்ட நிலத்தையும் கதையையும் எதிர்கொள்ளும்போது இருவரும் கண்டடைந்த விடை அது என்பதே பொருத்தமான முடிபு.

யாமத்தின் நகரம்

மதுரையைப் பொழுதுகளின் வரிசையில் காண்பது புதிதன்று. பத்துப்பாட்டுள் மிக நீண்டதாகிய, 782 அடிகள் கொண்ட மதுரைக்காஞ்சி, பாண்டியன் நெடுஞ்செழியனுக்கு நிலையாமை உணர்த்த எழுந்த பாட்டு. மாங்குடி மருதனார் நகரை ஒரே பார்வையில் வருணித்து முடிக்கவில்லை. நாளங்காடியைக் காட்டி, அல்லங்காடிக்கு வந்து, யாமம் யாமமாக நகரின் இரவைக் கடந்து, வைகறையில் நிறுத்துகிறார். கடைகள் அடைபடுவதும், கள்வர் உலவுவதும், அவர்களைத் தேடி ஊர்க்காவலர் வருவதும் அதில் இடம்பெறுகின்றன. நகரின் அறமும் அறமின்மையும் பொழுதால் வேறுபடுகின்றன என்பது அப்பாட்டின் நுட்பம். மதுரையைத் தூங்கா நகரம் என வழங்கும் இன்றைய வழக்கிற்கு முன்னோடியான பார்வை அங்கே உண்டு.

‘ஆடுகள’த்தின் கதை பேட்டைக்காரன் என்னும் முதியவரையும், அவரிடம் சேவற்கட்டுப் பயின்ற கறுப்பு, துரை என்னும் இளைஞர்களையும் பற்றியது. தோற்கும் என்று பேட்டைக்காரன் ஒதுக்கிய சேவலைக் கறுப்பு களத்தில் இறக்கி வெல்கிறான். குருவின் சொல் பொய்த்ததில் பிறந்த பொறாமை வஞ்சமாகி, மூவர் வாழ்வையும் சிதைக்கிறது. சேவற்போர் தமிழ் மரபிற்குப் பழையது. புறப்பொருள் வெண்பாமாலை ‘கோழி வென்றி’ என ஒரு துறையே வகுத்துள்ளது. குறுந்தொகை 305ஆம் பாடலின் புலவர், குப்பைமேட்டில் பொருதும் கோழியை உவமையாக்கியதால் குப்பைக் கோழியார் எனப் பெயர் பெற்றார். அவ்வுவமையின் உயிர், விலக்குவார் இல்லாமையில் உள்ளது. யாரும் காணாத, யாரும் தடுக்காத போர் தானே ஓய்ந்தால்தான் உண்டு.

இவ்விரு மரபுகளும் படத்தின் ஒளியமைப்பில் எதிரெதிராக நிற்கின்றன. களத்தில் நிகழும் பந்தயம் ‘வென்றி’. அது பலர் காண, பகலின் வெளிச்சத்தில், ஆரவாரத்திற்கு நடுவே நிகழ்கிறது. அதன் பின்விளைவாக மாந்தரிடையே மூளும் பகை குப்பைக் கோழியின் தனிப்போர். அது பெரும்பாலும் இரவில், தெருவிளக்கு எட்டியும் எட்டாத இடங்களில் நடக்கிறது. பகலில் காமிரா கூட்டத்தோடு நிற்கிறது. இரவில் ஓரிருவரின் தோளுக்குப் பின்னால் ஒட்டிச் செல்கிறது. பகலில் சட்டகம் நிறைந்திருக்கிறது. இரவில் அதன் பெரும்பகுதி கருமையாகவே விடப்படுகிறது. கதையின் உரிப்பொருள் புகழும் வஞ்சமும் என்றால், அவ்விரண்டிற்கும் உரிய பொழுதுகளை ஒளிப்பதிவு வகுத்துத் தந்துள்ளது.

அவ்விரவின் நிறமும் கருதத்தக்கது. படம் உருவான காலத்தில் இந்திய நகரத் தெருக்களை ஆண்டது சோடிய ஆவி விளக்கு. அதன் ஒளி மஞ்சள் அலைநீளத்தில் குவிந்திருப்பதால், அதன் கீழ் நிறங்கள் தம் வேறுபாட்டை இழக்கின்றன; சுவரும் சட்டையும் தோலும் ஒரே காவி மஞ்சளாகின்றன; சிவப்பு பழுப்பாக மங்குகிறது. வேல்ராஜ் அம்மஞ்சளை நீக்கித் தூய வெண்ணிலவொளியை வலிந்து அமைக்கவில்லை. நகரின் இரவு நிறமாகவே ஏற்றுக்கொண்டார். 2010களின் நடுப்பகுதிக்குப் பின் நகரங்களில் எல்இடி விளக்குகள் பரவி, இரவின் நிறம் வெண்மையாக மாறத் தொடங்கியது. ஆகவே ‘ஆடுகள’த்தின் இரவுக் காட்சிகள் இன்று ஆவண மதிப்பும் பெற்றுவிட்டன. ‘சுப்ரமணியபுரம்’ கடந்த காலத்தைத் திட்டமிட்டு மீட்டது. ‘ஆடுகளம்’ தன் நிகழ்காலத்தைப் பதிவு செய்து, அது அறியாமலே கடந்த காலமாகியது.

இப்படத்தின் முடிவும் ஒளியோடு தொடர்புடையது. தன் வஞ்சம் வெளிப்பட்டதை அறிந்த பேட்டைக்காரன் தன் உயிரை மாய்த்துக்கொள்கிறார். குருவின் பெயர் கெடலாகாது என்று கருதிய கறுப்பு, உண்மையை ஊருக்குச் சொல்லாமல், பழியைத் தானே ஏற்று நீங்குகிறான். களத்தில் அனைவரும் கண்டது ஒன்று. இருளில் நடந்தது மற்றொன்று. இருளில் நடந்ததை அவன் இருளிலேயே விட்டுச் செல்கிறான். பார்வையாளர் மட்டுமே இரண்டையும் கண்டவர். படம் முழுவதும் பேணப்பட்ட பகல், இரவு என்னும் பாகுபாடு இல்லாதிருந்தால் இம்முடிவின் கனம் குறைந்திருக்கும்.

‘மதுரைப் படம்’ என்னும் வகைமையும் காமிராவும்

மதுரையைக் களமாகக் கொண்ட படங்கள் குறித்துக் கடுமையான மறுப்புகள் எழுந்துள்ளன. ‘தெற்கு’ என்பது தமிழ்த் திரையில் கற்பிக்கப்பட்ட நிலவியல் என்பதை ராஜன் குறை கிருஷ்ணன் 2008இல் வெளிவந்த ஆய்வில் விவாதித்தார். தாமோதரன் கார்த்திகேயன், ஹியூகோ காரிஞ்ச் ஆகியோர் 2017இல் வெளியிட்ட கட்டுரை, ‘மதுரை வாய்பாட்டுப் படங்கள்’ சாதிப் பெருமிதத்தை வீரமாக்கிப் பரப்புகின்றன என்று நிறுவியது. இவ்வாய்வுகளின் அடிப்படை வலுவானது. மதுரை என்றதும் அரிவாளும் குருதியும் தோன்றுமாறு செய்ததில் திரைக்குப் பங்கு உண்டு என்பதை மறுக்க இயலாது.

ஆயினும் வன்முறை காட்டப்படுவதும், அது போற்றப்படுவதும் வேறுவேறு. இவ்விரண்டையும் பிரிக்கும் கோடு பல நேரங்களில் காமிராக் கோணத்திலும் ஒளியிலுமே உள்ளது. ஆயுதம் ஏந்தியவனைத் தாழ்கோணத்தில், பின்னொளி சூழ, வேகங்குறைத்துக் காட்டினால் அது வழிபாடு ஆகிறது. ‘ஆடுகள’த்தின் இரவு மோதல்களில் அடிப்பவனும் அடிபடுபவனும் எளிதில் வேறுபடுவதில்லை. மஞ்சள் மங்கலில் குருதி தன் சிவப்பை இழக்கிறது. மூச்சிரைப்பும் தடுமாற்றமுமே மிஞ்சுகின்றன. அவ்வகையில் இப்படம் தான் சேர்ந்த வகைமையின் வீர வழிபாட்டை ஒளியால் குறைத்துக்காட்டுகிறது எனலாம்.

ஆனால் அதே ஒளிப்பதிவு வேறோரிடத்தில் வழக்கமான மதிப்பீட்டிற்கு உடன்படுகிறது. நாயகனின் பெயர் கறுப்பு. நாயகி ஐரின் வெண்ணிறத்து ஆங்கிலோ இந்தியப் பெண். இவ்வேறுபாட்டைக் கதை வெளிப்படையாகவே பயன்படுத்துகிறது. கரிய முகமும் வெளுத்த முகமும் ஒரே சட்டகத்தில் வரும்போது எந்தத் தோலுக்கு ஒளியளவை அமைப்பது என்பது தொழில்நுட்ப வினா மட்டும் அன்று. படச்சுருளின் நிறச் சீர்மைக்கு நெடுங்காலம் வெள்ளை இனப் பெண்ணின் உருவம் அச்சிட்ட ‘ஷெர்லி அட்டை’யே அளவுகோலாக இருந்தது என்பது ஒளிப்பட வரலாறு அறிந்த செய்தி. ஐரினைக் காட்டும்போது படம் தன் மங்கலைத் தளர்த்தி, அவள் முகத்தையே ஒளியின் மூலமாக்குகிறது. நாயகனின் வியப்பைக் காட்ட இது உதவலாம். ஆயின் அவ்வியப்பைக் காமிரா கேள்விக்குட்படுத்தவில்லை. அவளுடைய சமூகம் மதுரையில் எவ்வாறு வாழ்ந்தது என்பதைக் காட்ட வேண்டிய ஒளி, அவள் நிறத்தைக் காட்டுவதில் செலவாகிவிட்டது. ஆணின் வன்முறையைப் பார்க்கும்போது வகைமையிலிருந்து விலகும் இவ்வொளிப்பதிவு, பெண்ணைப் பார்க்கும்போது வகைமைக்குள்ளேயே நிற்கிறது.

சமவெளியிலிருந்து கரிசலுக்கும் மலைக்கும்

பூமணியின் ‘வெக்கை’ (1982) புதினத்தைத் தழுவிய ‘அசுரன்’ கரிசல் நிலத்துக்கு நகர்கிறது. கொலைக்குப் பின் தந்தையும் மகனும் மறைந்து திரியும் நாட்களே புதினத்தின் உடல். பகல் அவர்களைக் காட்டிக்கொடுக்கும். இரவு அவர்களுக்குக் காவல். நீரில் கிடக்கும் நிலவின் நிழல் காலடி பட்டுக் கலைவதோடு படம் தொடங்குகிறது. ‘ஆடுகள’த்தில் வஞ்சத்திற்கு இடமளித்த இரவு, இங்கே ஒடுக்கப்பட்டவரின் அடைக்கலமாகிறது. ஆயின் சண்டைக் காட்சிகளில் ‘அசுரன்’ மீண்டும் தாழ்கோணத்திற்கும் புழுதி பறக்கும் ஒளிக்கும் திரும்புகிறது. திருப்பித் தாக்கும் உரிமை மறுக்கப்பட்டவன் தாக்குவதால் அவ்வழிபாடு நியாயமாகிவிடுகிறதா என்பது திறந்த வினா. மொழி அளவில் அது பழைய வாய்பாடே. பொருள் அளவில் அதன் தலைகீழ்.

‘விடுதலை’யின் முதற்பாகம் தொடர்வண்டி விபத்தை வெட்டின்றி நீளும் காட்சியாகத் தொடங்குகிறது. சிதைந்த பெட்டிகளுக்கிடையே காமிரா இடைவிடாது நகர்கிறது. யாரிடமும் நின்று இரங்க அதற்குப் பொழுதில்லை. எண்ணிமக் கருவிகளும் நுண்ணிய அசைவுக் கட்டுப்பாடும் இல்லாமல் இத்தகைய காட்சி அரிது. ‘ஆடுகள’த்தின் காமிராவோ இருளில் ஒருவனைத் தொடர்ந்து, அவன் மூச்சுக்கு ஏற்ப நின்று சென்றது. தொழில்நுட்பத் திறன் வளர்ந்துள்ளது. ஆயின் நிலத்தோடு கொண்ட நெருக்கம் அதே அளவு வளர்ந்துள்ளது என்று கூற இயலாது. ‘விடுதலை’யின் மலை பெரும்பாலும் மேலிருந்தும் தொலைவிலிருந்தும் காணப்படுகிறது, மதுரைத் தெருவோ நடப்பவனின் கண்மட்டத்தில் காணப்பட்டது.

‘வடசென்னை’யை நெய்தல், ‘ஆடுகள’த்தை மருதம், ‘அசுர’னைப் பாலை, ‘விடுதலை’யைக் குறிஞ்சி எனப் பெயரிட்டு நால்வகைப்படுத்த மனம் விழையும். அவ்வாறு பெயரிடுதல் ஆய்வாகாது. திணைகள் மயங்குவதைத் தொல்காப்பியம் தடுக்கவில்லை. நிலங்கள் ஒருங்கு மயங்குவதையே மறுத்தது. மருத நிலத்திற்குரிய சிறுபொழுது வைகறை, யாமமோ குறிஞ்சிக்குரியது. மருதச் சமவெளியில் யாமத்தை நிறுத்திய ‘ஆடுகளம்’ அவ்வகையில் பொழுதின் மயக்கம். அதுபோல் பாலைக்குத் தனிநிலம் இல்லை. முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு திரிந்து பாலையாகும் என்பது சிலப்பதிகாரம் விளக்கும் கருத்து. நீரிழந்த மருதமும் திரியும் என்பதை உசிலம்பட்டி, திருமங்கலம் வட்டாரங்கள் காட்டுகின்றன. இத்திரிபைக் காண உதவும் வரையில்தான் திணைக்கோட்பாடு திரைப்பட ஆய்வுக்குப் பயன்படும்.

சிறுதிரையில் இழப்பது

தமிழ்த் திரைப்படம் இன்று பெரும்பாலும் தொலைக்காட்சியிலும் கைபேசியிலுமே மறுபார்வை பெறுகிறது. திரையரங்கின் இருட்டுக்கென அமைத்த படிமம், விளக்கெரியும் கூடத்தில் காணப்படும்போது அதன் கரும்பகுதிகள் வேறுபாடின்றி ஒரே கருமையாகின்றன. ஒளிபரப்பிற்கான தரவுச் சுருக்கம் அவ்விழப்பைக் கூட்டுகிறது. ‘ஆடுகள’த்தைத் தொலைக்காட்சியில் மட்டும் கண்ட ஆய்வாளர் அதன் யாமத்தைக் கண்டவர் ஆகார். வெற்றிமாறனின் ஆசிரியரான பாலு மகேந்திரா, இயற்கை ஒளியைப் போற்றியவர். தொலைக்காட்சிக்கென ‘கதை நேரம்’ தொடரையும் படைத்தார். வீட்டின் அளவுக்கும் அண்மைக் காட்சிக்கும் ஏற்பச் சிறுகதையை அவர் வடிவமைத்தது, ஊடகத்திற்கேற்ப ஒளியும் மாற வேண்டும் என்பதற்குச் சான்று. ஒரு படத்தின் ஒளியை மதிப்பிடுவோர் தாம் கண்ட படியின் தன்மையையும் குறிப்பிடுவது, சுவடி ஆய்வில் பாடபேதம் குறிப்பதற்கு ஒப்பான கடமையாகும்.

முடிவுரை

‘ஆடுகளம்’ இயக்கம், திரைக்கதை, நடிப்பு, படத்தொகுப்பு, நடனம், சிறப்புக் குறிப்பு என ஆறு தேசிய விருதுகளைப் பெற்றது. அவற்றுள் ஒளிப்பதிவு இல்லை. விருது ஒரு கலைஞரின் மதிப்பை முடிவுசெய்யாது. ஆயினும் மதுரையின் இரவைத் திரையில் நிறுவிய பங்கு இன்றுவரை திறனாய்விலும் உரிய இடம் பெறவில்லை என்பதோடு அது ஒத்துப்போகிறது.

வேல்ராஜின் பணிகளிலிருந்து மூன்று முடிபுகள் பெறப்படுகின்றன. ஒன்று, இரவல் நிலத்தின் பசுமைக்கும் வாய்பாட்டுப் படங்களின் செம்புழுதிக்கும் மாற்றாக, மதுரையைப் பொழுதின் வழியே காணும் மரபை ‘ஆடுகளம்’ மீட்டது. இரண்டு, வன்முறையை மங்கலாக்கிய அவ்வொளி, நிறம் பற்றிய வழக்கமான மதிப்பீட்டை மட்டும் மங்கலாக்கவில்லை. மூன்று, பின்வந்த படங்களில் அளவும் திறனும் பெருகியபோது கண்மட்டத்து நெருக்கம் குறைந்தது.

உரிப்பொருளை மட்டும் படிக்கும் திறனாய்வு இம்மூன்றையும் காணாது. நிவாஸ், கண்ணன், ராம்ஜி, கதிர் முதலியோரின் பணிகளையும் இவ்வாறே படத்துக்குப் படம், பொழுதுக்குப் பொழுது ஆராய்ந்தால்தான் தென்தமிழ்நாட்டின் திரை நிலம் யாரால், எவ்வொளியில் ஆக்கப்பட்டது என்ற வரலாறு எழுதப்படும்.